குழாயை அடைத்த பாசி

எங்கள் லயத்து வரிசை வீடுகளுக்கு வரும் குழாயில் தண்ணீர் நின்றால் முதலில் என் கதவைத்தான் தட்டுவார்கள். தண்ணீர் வரும் குளத்துக்கு ஏறும் படி நான் குடியிருக்கும் காம்பராவை ஒட்டித் தொடங்குகிறது, அது ஒரு காரணம். இன்னொன்று, அடுத்தவர் செய்யும் வேலை எனக்குப் பிடிக்காது. அரைகுறையாகச் செய்துவிட்டு வருவார்கள், நான் போய் மறுபடி செய்ய வேண்டியிருக்கும். அதைவிட நானே போய்த் தொலையலாம் என்று கிளம்பிவிடுவேன்.

குளம் என்றதும் பெரிதாக நினைக்க வேண்டாம். இரண்டு காம்பரா அகலம், இடுப்பளவு ஆழம். மேலே தேயிலை மலையில் ஓர் ஊற்று. அது சின்ன வாய்க்காலாக இறங்கி வந்து குளத்தில் விழுகிறது. கீழ்க்கரையில் இருக்கும் குழாயின் வாயில் வலை கட்டியிருக்கிறோம். லயம் முழுவதும் சோறு பொங்குவது அந்தத் தண்ணீரில்தான்.

குழாய் போட்ட புதிதில் ஒரு தொல்லையும் இல்லை. இரண்டாம் வருஷம்தான் பாசி வந்தது. கல்லில் ஒட்டி வழுக்கிவிடுமே, அந்தப் பாசி இல்லை. நூல் நூலாக, முழ நீளத்துக்கு வளர்கிற பச்சைப் பாசி. அடியில் முளைத்து, வெயில் ஏறியதும் மெத்தை மெத்தையாக மேலே மிதந்து, அப்படியே குழாய் வாய்க்குப் போய் வலையில் சுற்றிக்கொள்ளும். கையால் இழுத்தால் அறுந்து அறுந்து வரும். கவட்டை வைத்த மூங்கில் கழி ஒன்றை வெட்டிக்கொண்டேன். அதைத் தண்ணீருக்குள் விட்டு ஒரே பக்கமாகத் திருகினால், கட்டையில் நூல் சுற்றுவது போல மொத்தமாகச் சுற்றிக்கொண்டு வரும். ஒரு காலையில் மூன்று கூடை அள்ளியிருக்கிறேன். முதலில் அதைக் குளத்துக் கரையிலேயே குவித்து வைத்தேன். மழை பெய்ததும் பாதி திரும்பக் குளத்துக்கே போனது. அப்புறம் கீழே சுமந்துபோய் என் காய்கறித் தோட்டத்து லீக்ஸ் பாத்தியில் போடப் பழகினேன். எப்படி அள்ளினாலும் இரண்டு வாரத்தில் பழையபடி வந்து நின்றது.

ஒரு கங்காணி, தேயிலையில் கொப்புள நோய்க்கு அடிக்கிற செம்பு மருந்தைப் பொட்டலம் கட்டிக்கொண்டு வந்தார். "ஒரு பிடி போட்டா போதும், ஒரே நாள்ல செத்துரும்" என்றார். "பாசியா, நாங்களா?" என்று கேட்டேன். பொட்டலத்தோடு திரும்பிப் போனார்.

இந்தக் கூத்தெல்லாம் நடந்துகொண்டிருந்தபோது நான் ஒன்றைக் கண்டேன். மிதக்கும் பாசி மெத்தை முழுக்கக் குட்டிக் குட்டிக் குமிழி. வெயிலில் பளபளவென்று, பார்த்தால் சவர்க்கார நுரையேதான். பாசி வெயிலில் விடுகிற காற்றுதான் அப்படி நூலுக்குள் மாட்டிக்கொள்கிறது என்பது இன்றைக்குத் தெரியும். அன்றைக்கு எனக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்று, சவர்க்காரம் போட்டுத் துவைக்கிறவள் யார் என்பது.

மூன்றாம் காம்பராக்காரி. என்னைவிட இளையவள், கொழுந்து பறித்தவள். புருஷனுக்குப் பாரிசவாயு வந்து ஒரு பக்கம் விழுந்துவிட்டதால் வேலையை விட்டுவிட்டு அவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவருக்குப் பேச்சும் வராது. தினமும் ஒரு பேசின் துணி சேரும். அதைப் பொதுக் குழாயடிக்குக் கொண்டுவந்தால் மற்றவர்கள் முகத்தைச் சுளிப்பார்கள். அதனால் குளத்துக் கரைக்குக் கீழே, வழிந்து போகிற தண்ணீர் விழும் கல்லில் துவைத்தாள். அலசுவதற்கு மட்டும் குளத்தில் வாளியை முக்குவாள். அந்த வாளி போதாதா எனக்கு!

கோயில் கமிட்டி கூடிய அன்று நான்தான் எழுந்து பேசினேன். எனக்கு வாய் நீளம், லயத்துக்கே தெரியும். "சவக்காரக் கையோட வாளிய முக்குனா பாசி வராம என்னா வரும்? நொரைய நான் என் கண்ணால பாத்தேன்" என்றேன். எல்லாரும் தலையாட்டினார்கள். இனிமேல் அவள் குளத்துப் பக்கம் துணியோடு வரக்கூடாது என்று கமிட்டித் தலைவர் சொல்லிவிட்டார்.

"அப்ப நான் எங்கிட்டு போயி தொவைக்கிறது?" என்று அவள் கேட்டாள்.

"ஆறு இருக்குல்ல?" என்றார் தலைவர்.

ஆறு இருக்கிறது, கீழே. இறங்க இருபது நிமிஷம், ஈரத் துணியோடு ஏற அதைவிடக் கூட. அவ்வளவு நேரமும் புருஷன் தனியாகக் கிடக்க வேண்டும். இது எனக்குத் தெரியாமல் இல்லை. என் கதவைத் தாண்டித்தான் தினமும் பேசினைத் தலையில் வைத்துக்கொண்டு போனாள். நான் வாசல் இஸ்தோப்பில் உட்கார்ந்து அரிசி புடைத்துக்கொண்டிருப்பேன்.

பாசி குறைந்ததா என்றால் அதுதான் இல்லை. முன்பைவிட அடர்த்தியாக வந்தது. அவள் திருட்டுத்தனமாக வந்து துவைக்கிறாள் என்று இரண்டு காலை மேலே போய்ப் பார்த்துக்கொண்டுகூட இருந்தேன். அட்டை கடித்ததுதான் மிச்சம்.

அப்படி இருக்கும்போது ஒரு ஞாயிற்றுக்கிழமை உரப்பை அலசப் போனேன். இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். என் வீட்டுக்காரர் மலைக்கு உரம் போடுகிற ஆட்களில் ஒருவர். வெறும் பைகளைத் தோட்டம் திருப்பிக் கேட்கும், கிழிந்ததைக் கேட்காது. கிழிந்ததெல்லாம் என்னிடம் வந்துவிடும். உள்பக்கம் வெளியே தெரியத் திருப்பி, ஓடுகிற தண்ணீரில் மூன்று தரம் அலசி, காயவைத்துத் தைத்துக் கொடுப்பேன். கொழுந்து பறிக்கிறவர்கள் இடுப்பில் கட்டும் படங்குக்கு, கோழிக்கூட்டுக்கு, கூரை ஒழுகுகிற இடத்துக்கு என்று லயம் முழுக்க என் பைதான். வாசனையே வராது என்று பெயர். ஓடுகிற தண்ணீர் வேண்டுமே என்று, வாய்க்கால் குளத்தில் விழும் இடத்தில் உட்கார்ந்துதான் அலசுவேன்.

அன்றைக்கு வீட்டுக்காரரும் கூட வந்திருந்தார். பையிலிருந்து கரைந்து போகிற வெள்ளைத் தூளை நான் பார்க்கவில்லை, அவர் பார்த்தார். வாய்க்கால் ஓரத்துப் புல்லைக் காட்டினார். நான் உட்காருகிற இடத்தில் மட்டும் புல் முழங்கால் உயரம், கரும்பச்சை.

"ஏன்டி, ஒரம் போட்டா தேயில மட்டுந்தான் பச்ச புடிக்குமா?" என்றார் சிரித்துக்கொண்டே.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. கையிலிருந்த பை கனத்தது. குழாய் போட்ட புதிதில் நாடு முழுக்க உரம் கிடைக்காமல் தேயிலையெல்லாம் மஞ்சளாகிக் கிடந்தது ஞாபகம் வந்தது. உரம் இல்லை, அலசப் பையும் இல்லை. அவள் அப்போதும் கரைக்குக் கீழே அதே கல்லில்தான் துவைத்துக்கொண்டிருந்தாள். குளமோ பாசியில்லாமல் அடிமண் தெரியத் தெளிந்து கிடந்தது.

அந்த நிமிஷமே கீழே இறங்கிப் போய்ச் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. நிச்சயமாகத் தெரியாமல் எப்படிச் சொல்வது, ஒரு மாதம் பார்ப்போம் என்று எனக்கு நானே நியாயம் வைத்துக்கொண்டேன். அவளைக் குற்றம் சொல்வதற்கு இந்த நிச்சயமெல்லாம் எனக்குத் தேவைப்படவில்லை. அதையும் அன்றைக்கு நினைத்தேன், நினைத்துவிட்டுச் சும்மா இருந்தேன்.

பைகளைக் கீழே லீக்ஸ் பாத்திக்குப் பக்கத்தில் வாளியில் அலச ஆரம்பித்தேன். அந்தத் தண்ணீரைப் பாத்திக்கே ஊற்றினேன். மேலே வாய்க்கால் குளத்தில் விழும் இடத்தைக் கொத்தி, கொழுத்துக் கிடந்த சேற்றை அள்ளி எறிந்தேன். இருக்கிற பாசியைத் தினமும் கழியால் திருகி எடுத்தேன். முதல் வாரம் பெரிய மாற்றம் இல்லை. இரண்டாம் வாரம் இரண்டு கூடைக்குப் பதில் ஒன்று. மூன்றாம் வாரம் கழியில் ஒரு கைப்பிடிகூடச் சுற்றவில்லை. குளத்தின் அடியில் கூழாங்கல் தெரிந்தது. எனக்குச் சந்தோஷமாக இருந்தது. வெட்கமில்லாமல் சொல்கிறேன், சந்தோஷமாகத்தான் இருந்தது.

அந்தச் சந்தோஷத்தோடு படியிறங்கி வந்தபோது மூன்றாம் காம்பராவுக்குள்ளிருந்து ஒரு முனகல் கேட்டது. கதவு சாத்தி மட்டும் இருந்தது. தள்ளிக்கொண்டு போனேன். அவர் கட்டிலிலிருந்து விழுந்து, ஒரு கன்னம் சிமெந்துத் தரையில் படக் கிடந்தார். இடுப்பில் கட்டியிருந்த சாரம் நனைந்திருந்தது. கையைத் தொட்டால் தரையைப் போலவே சில்லிட்டிருந்தது. என்னால் தனியாகத் தூக்க முடியவில்லை. கத்தினேன். என் வீட்டுக்காரர் ஓடி வந்தார். இரண்டு பேருமாகத் தூக்கிக் கட்டிலில் போட்டோம்.

ஆற்றிலிருந்து அவள் பேசினோடு வந்து நின்றாள். அழவில்லை. பேசினை இறக்கி வைத்துவிட்டு, "எம்புட்டு நேரமா கெடந்தாரு?" என்று கேட்டாள்.

"தெரியலம்மா" என்றேன். உண்மையிலேயே தெரியாது. நான் மேலே குளத்தைப் பார்த்துப் பூரித்துக்கொண்டு நின்ற நேரம் முழுக்க இருக்கலாம்.

அன்று சாயங்காலமே அவளிடம் போய் எல்லாவற்றையும் சொன்னேன். பையை, புல்லை, மூன்று வாரமாக வாயை மூடிக்கொண்டு இருந்ததை. அவள் துணி மடிப்பதை நிறுத்தவில்லை.

"பைதான்னு எனக்கும் தோணுச்சுக்கா" என்றாள்.

"அப்ப அன்னிக்கே சொல்லியிருக்கலாம்ல?"

"யாரு என்கிட்ட கேட்டா? நீங்க பேசுனீங்க, எல்லாரும் தலையாட்டுனாங்க. நான் சொன்னா, மாட்டிக்கிட்டு அடுத்தவ மேல பழி போடுறான்னு நீங்களே சொல்லியிருப்பீங்க."

சொல்லியிருப்பேன்தான். மன்னிச்சுக்கம்மா என்றேன். கட்டிலைக் கை காட்டினாள். "என்கிட்ட எதுக்கு? தரையில கெடந்தது அவரு."

கட்டிலுக்குப் பக்கத்தில் போய் மறுபடி முழுவதும் சொன்னேன். அவருக்குப் பேச வராதே தவிர, காது நன்றாகக் கேட்கும். கடைசி வரைக்கும் கேட்டார். கேட்டுவிட்டுச் சுவர்ப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

வெள்ளிக்கிழமை பூசை முடிந்ததும், கூட்டம் கலைவதற்கு முன்னால் எழுந்து நின்றேன். அவளையும் வரச் சொல்லியிருந்தேன், பின்னால் நின்றாள். பாசிக்குக் காரணம் என் உரப்பை, அவள் வாளி இல்லை என்று சொன்னேன். மூன்று வாரத்துக்கு முன்பே தெரியும் என்பதையும் விடாமல் சொன்னேன்.

தலைவர் சிரித்தார். "அட, விடுங்கக்கா. தெரியாமத்தானே செஞ்சீங்க. இதுக்கா இம்புட்டு பெரிய பேச்சு?"

"அதானே, கொளத்த சுத்தம் பண்றதே நீங்கதான்" என்றாள் ஒருத்தி. நாலைந்து பேர் தலையாட்டினார்கள். பிரசாதத் தட்டு என் பக்கம் வந்துவிட்டது.

குளத்துக்கு வராதே என்று என்னிடம் ஒருவர்கூடச் சொல்லவில்லை, இனி வரலாம் என்று அவளிடமும் சொல்லவில்லை. நான் தட்டை வாங்காமல் பின்னால் திரும்பிப் பார்த்தேன். அவள் என்னைப் பார்க்கவில்லை, அவர்களையும் பார்க்கவில்லை. "அவரு தனியா இருக்காரு" என்று பக்கத்தில் நின்றவளிடம் சொல்லிவிட்டு, செருப்பை மாட்டிக்கொண்டு லயத்தைப் பார்த்து நடந்தாள்.