பனியில் விழுந்த குங்குமம்

நான் வேலை பார்த்த இடத்துக்கு வாசல் பலகையில் எழுதியிருந்த பெயர் அனிமேஷன் பிரிவு. எங்கள் தெருவில் அதைப் பொம்மைக் கம்பெனி என்றுதான் சொன்னார்கள். "உங்க கம்பெனியில மிச்சப்பட்ட பொம்மை இருந்தா ஒண்ணு கொண்டாம்மணி, புள்ள வெளையாடட்டும்" என்று பக்கத்து வீட்டம்மா கேட்டார். பொம்மை இல்லைங்க, படம் என்றால், "அப்ப நடிக்கறவங்களையெல்லாம் பாக்கறயா?" என்பார். அதுவும் இல்லை என்றதும் நான் எதையோ மறைக்கிறேன் என்று நினைத்துக்கொண்டு போய்விடுவார்.

கம்பெனி பெரிய சினிமாக் கம்பெனி. ஒரு காலத்தில் கோயமுத்தூரிலேயே படம் எடுத்தவர்கள். பிறகு மற்றவர்களைப் போல மெட்ராசுக்குப் போய்விட்டார்கள். திருச்சி ரோட்டுப் பக்கம் அவர்களுடைய பழைய குடோன் ஒன்று பூட்டியே கிடந்தது. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அதற்கு வெள்ளையடித்து, ஜன்னல்களை அடைத்து, நீளமாக மேஜைகள் போட்டுக் கார்ட்டூன் செய்ய ஆரம்பித்தார்கள். மெட்ராசை விட இங்கே செலவு குறைவு. மில்லில் நூல் பார்த்துப் பழகிய பெண்கள் வேண்டிய மட்டும் கிடைப்பார்கள் என்றும் நினைத்திருக்கலாம். முதலில் அவர்களுடைய சொந்தப் படங்களில் பெயர்கள் ஓடும் இடத்துக்குப் பூவும் பறவையும் செய்தோம். அப்புறம் பல்பொடி, அப்பளம், கொசுவத்தி விளம்பரங்கள். கடைசியாக ஒரு வெளிநாட்டு ஆர்டர் வந்தது.

என்னை அங்கே சேர்த்துவிட்டது ஒரு அக்கா. சொந்த அக்கா இல்லை. சிங்காநல்லூரில் ஒரே மில்லில், நூலைக் கோனில் சுற்றும் கோன் வைண்டிங்கில் பக்கத்துப் பக்கத்து மிஷினில் நின்றவர்கள் நாங்கள். மில் ஆட்டம் காண ஆரம்பித்தபோது அக்கா முதலில் வெளியே வந்து கார்ட்டூன் வேலையில் சேர்ந்தது, பிறகு எனக்காகவும் அங்கிருந்த மேனேஜரிடம் பேசியது. அக்கா பத்தாவது பாஸ். நான் எட்டாவதோடு நின்றவள். வறுமையால் நின்றேன் என்று சொன்னால் கேட்பவர்கள் இரக்கப்படுவார்கள். உண்மையில் எனக்குக் கணக்குப் பரீட்சை என்றால் பயம். அந்தப் பயத்திலேயே நின்றுவிட்டேன். அடுப்பை அணைத்தோமா, பூட்டைப் பூட்டினோமா, என் குழந்தை பக்கத்து வீட்டுத் தொட்டியில் எட்டிப் பார்த்திருக்குமோ என்று நாள் முழுதும் எனக்குள் ஏதாவது ஒன்று ஓடிக்கொண்டே இருக்கும். அக்கா என்னை வெசனக்காரி என்று கூப்பிடும். "நம்ம வெசனக்காரி மூஞ்சியப் பாருங்க, இன்னிக்கு என்ன இடி உழுந்துச்சோ" என்று மேஜைக்கே சொல்லிச் சிரிக்கும்.

வேலை இப்படி. ஓவியர்கள் காகிதத்தில் போட்ட படத்தைக் கண்ணாடித்தாளில் மையால் கோடாக எடுத்துத் தருவார்கள். நாங்கள் அந்தத் தாளைத் திருப்பிப் போட்டு, பின்பக்கத்தில் பெயிண்ட் அடிக்க வேண்டும். முன்பக்கம் பார்த்தால் கோடு கலையாமல் நிறம் மட்டும் தெரியும். படத்தில் ஒரு கரடி கையை ஒரு தடவை தூக்க ஒரு கட்டுத் தாள் ஆகும். நிறங்களுக்குப் பெயர் கிடையாது, நம்பர்தான். கேமராவில் படம் பிடித்து முடிந்ததும் தாள்களைக் கழுவித் துடைத்து மறுபடி உபயோகிப்போம்; புதுத் தாள் விலை அதிகம் என்று கம்பெனி அப்படி வைத்திருந்தது.

எங்களுக்கு எதிரி தூசிதான். ஆடிக்காற்று அடிக்கும்போது அடைத்த ஜன்னலையும் தாண்டி வந்துவிடும். ஹாலுக்குள் முகத்துக்குப் பவுடர் கூடாது, பூ கூடாது, தூள் குங்குமம் கூடாது. ஸ்டிக்கர் பொட்டு மட்டும்தான். கைக்கு வெள்ளைத் துணி உறை. என் பயம் அங்கே ஒரு உபயோகத்துக்கு வந்தது. பெயிண்ட் அடித்த தாளை நான் இரண்டு தடவை, மூன்று தடவை வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பேன். எனக்கே திருப்தி வராது. அதைக் கவனித்த மேனேஜர், எல்லார் தாளையும் பார்த்து அனுப்பும் செக்கர் வேலையை எனக்குக் கொடுத்தார். அக்காவின் தாளையும் நான்தான் பார்ப்பேன். "பாருங்க பாருங்க, நான் கூட்டியாந்த புள்ள எனக்கே பாஸ் போடுது" என்று அக்கா சிரிக்கும். எனக்குச் சிரிப்பு வராது. அக்கா தாளில் குறை தெரிந்தால் யாருக்கும் தெரியாமல் நானே சரிசெய்துவிடுவேன்.

வெளிநாட்டு ஆர்டர் ஒரு கரடிக்குட்டிக் கதை. முழுக்கப் பனி. பனியை நாங்கள் யாரும் கண்ணால் பார்த்ததில்லை. அந்த வேலை பாதியில் இருக்கும்போது மேனேஜர் எல்லாரையும் நிற்க வைத்துப் பேசினார். மெட்ராஸ்காரர், குரலை உயர்த்த மாட்டார். "இனிமே கலர் எல்லாம் கம்ப்யூட்டர்ல தாம்மா. இந்த ஆர்டர் முடிஞ்சா மேஜை வேலை இருக்காது. மூணு பேரை மூணு மாசம் மெட்ராசுக்கு அனுப்பிக் கத்துக்க வைக்கப் போறேன். மத்தவங்களுக்கு நான் ஒண்ணும் செய்ய முடியாது."

அந்த மூன்றில் ஒன்று அக்காவுக்குத்தான் என்று எல்லாரும் நினைத்தோம். முதலில் சேர்ந்தது, பத்தாவது பாஸ், கை சுத்தம். அதைவிட, அக்காவின் வீட்டுக்காரர் இருந்த மில் மூடி ஒரு வருஷம் ஆகியிருந்தது. வீட்டில் அடுப்பு எரிவது அக்காவின் சம்பளத்தில். சாப்பாட்டு நேரத்தில் அக்கா என்னிடம் சொன்னது: "இது கெடச்சுப்போட்டா எனக்குப் போதுங் கண்ணு. இல்லாட்டி இந்த வயசுல எங்கபோயி நிக்கறது?" கெடைக்கும்ங்க்கா என்றேன். என்னைப் பற்றி நான் நினைக்கவே இல்லை. எட்டாவதுக்கு யார் கம்ப்யூட்டர் சொல்லித் தருவார்கள்?

ஆயுத பூஜை வந்தது. இந்த ஊரில் கடப்பாறை முதல் கணக்கு மிஷின் வரை பொட்டு வைக்காமல் விடமாட்டார்கள். எங்கள் ஹாலில் பிரஷ்களைக் கழுவி அடுக்கி, பெயிண்ட் டப்பா, தாள் காயப்போடும் ரேக், கழுவும் தொட்டி எல்லாவற்றுக்கும் சந்தனமும் குங்குமமும் வைத்தோம். அந்த ஒரு நாள் மட்டும் தூள் குங்குமம் உள்ளே வர மேனேஜர் ஒப்புக்கொண்டிருந்தார். கேமரா அறைக்கு அக்கா தட்டோடு போனபோது நானும் கூடப் போனேன். கேமரா மேலே தொங்கும். கீழே மேஜையில் தாளை வைத்து, அசையாமல் இருக்க அதன்மேல் ஒரு கண்ணாடியை அமுக்கிப் படம் பிடிப்பார்கள்.

கேமராக்காரர் பொள்ளாச்சிப் பக்கத்துக்காரர். "ஏனுங்கம்மணி, கண்ணாடியில மட்டும் வெச்சுப்போடாதீங்க" என்றார்.

"எனக்குத் தெரியாதுங்களாண்ணா? இரும்புலதான் வெக்கறேன். சோறு போடறதே இதுதானுங்க. இதுக்கு வெக்காம வெறும் டப்பாவுக்கு வெச்சா சாமி என்ன நெனைக்கும்?" என்றது அக்கா.

கண்ணாடியைச் சுற்றியிருந்த இரும்புச் சட்டத்தின் மூலையில் சின்னதாகச் சந்தனம் இட்டு அதன்மேல் குங்குமம் வைத்தது. நான் கையைக் கூப்பிக்கொண்டு நின்றேன். பொரிகடலை சாப்பிட்டோம். வாசலில் பூசணிக்காய் உடைத்தார்கள். மறுநாள் விஜயதசமிக்கு வேலையை ஆரம்பித்து வைத்துக் கேமராவும் ஓடியது. படம் பிடித்து முடித்த தாள்களை வழக்கம்போல அடுத்தடுத்த நாள்களில் கழுவிவிட்டோம்.

எடுத்த பிலிம் மெட்ராசுக்குப் போய்க் கழுவி, பிரிண்டாகிப் பார்சலில் திரும்பி வரும். வந்ததும் ஹாலிலேயே வெள்ளைச் சுவரில் ஓட்டிப் பார்ப்போம். அன்றைக்கு அக்கா எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தது. கரடிக்குட்டி பனியில் நடந்தது. நன்றாகவே நடந்தது. பனிமேல் ஒரு ஓரத்தில் கடுகளவு சிவப்பு.

"அது என்ன, பழமா?" என்றார் மேனேஜர். கதையில் கரடி பழம் தேடிப் போகிறது. அதனால் யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. மேனேஜர் என்னைத் திரும்பிப் பார்த்தார். "செக்கர், சொல்லும்மா. நம்ம போட்டதுதானே?"

அந்த நேரத்தைப் பற்றி நான் இன்னும் யோசித்துக்கொண்டுதான் இருக்கிறேன். எங்கள் நம்பர்களில் அப்படி ஒரு சிவப்பு கிடையாது. பனிமலை பின்னால் நகர்ந்தது, கரடி நகர்ந்தது, சிவப்பு மட்டும் நகரவில்லை. விளக்குச் சூட்டில் சட்டத்துச் சந்தனம் காய்ந்து, குங்குமம் உதிர்ந்து கண்ணாடிக்கு அடியில் போயிருக்கிறது என்று எனக்கு வாயைத் திறப்பதற்கு முன்பே புரிந்துவிட்டது. பழம் என்று சொல்லியிருந்தால் அப்போதைக்குத் தப்பியிருக்கும். வெளிநாட்டுக்காரன் பார்த்துத் திருப்பி அனுப்பியிருந்தால் ஹாலே மூடியிருக்கும். இதெல்லாம் இப்போது அடுக்கிச் சொல்கிறேன். அப்போது கேட்ட கேள்விக்குப் பதில் வாயில் வந்துவிட்டது.

"அது படத்துல இல்லீங்க சார். கண்ணாடியில இருக்குதுங்க."

கேமராக்காரர் எழுந்து உள்ளே போய்ப் பார்த்துவிட்டு வந்தார். கண்ணாடிக்கு அடியில் ஒட்டியிருந்த துகளை விரல் நுனியில் எடுத்து வந்திருந்தார். மேனேஜர் அதைப் பார்த்தார்.

"பொட்டு யார் வச்சது?"

"நாந்தானுங்க சார்" என்றது அக்கா. "கண்ணாடியில வெக்கலீங்க. இரும்புலதான் வெச்சேன்."

"நானும் பக்கத்துலதாங்க சார் நின்னேன்" என்றார் கேமராக்காரர். நானும் நின்றேன் என்று என் வாய் சொல்லவில்லை.

மேனேஜர் திட்டவில்லை. திட்டியிருந்தால் அதோடு போயிருக்கும். பூஜைக்கு அப்புறம் எடுத்ததெல்லாம் வீண். தாள்களையும் கழுவியாகிவிட்டது, மறுபடி கோடு எடுத்து மறுபடி பெயிண்ட் அடிக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமையும் வந்து அடித்தோம். யாரும் அக்காவை ஒரு வார்த்தை சொல்லவில்லை. சாப்பாட்டு நேரத்தில் அக்காதான் அந்தப் பேச்சை எடுத்தது. "சாமிக்குக் கரடி மேல ஆசை வந்துபோட்டுது, அதுக்கும் ஒரு பொட்டு வெச்சுட்டுப் போயிருச்சு" என்றது. இரண்டு பேர் சிரித்தார்கள். என்னைப் பார்த்து, "நீ எதுக்கு சோத்தைப் பெசஞ்சுட்டே இருக்கற? கேட்டாரு, சொன்ன. உன்ற வேலை அது" என்றது.

ஆர்டர் முடியும் தறுவாயில் மேனேஜர் மூன்று பேரைச் சொன்னார். அடுத்த மேஜையில் இரண்டு பேர். மூன்றாவது நான்.

அவர் அறைக்குப் போனேன். "சார், நான் எட்டாவதுங்க" என்றேன்.

"கம்ப்யூட்டர் சர்ட்டிபிகேட் கேட்காதும்மா. எனக்குப் பார்க்கத் தெரிஞ்ச ஆள் வேணும்."

"அக்காவ அனுப்புங்க சார். அவங்கதான் எனக்குச் சொல்லிக் குடுத்தாங்க."

அவர் கையிலிருந்த காகிதத்தைப் பார்த்தபடி, "முடிவு பண்ணியாச்சும்மா" என்றார். நான் இன்னொரு தடவை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. கதவைச் சாத்திக்கொண்டு வெளியே வந்தபோது எனக்குள் ஓடியது அக்கா இல்லை. மூன்று மாதம் மெட்ராசில் இருந்தால் குழந்தையை யார் பார்ப்பார்கள் என்பதுதான் ஓடியது. அதாவது, போவது என்று மனசுக்குள் முடிவாகிவிட்டது.

என் வீட்டுக்காரருக்கு இரும்பு வார்க்கும் பவுண்டரியில் ஷிப்ட் வேலை. குழந்தைக்கு நாலு வயசு. குழந்தையை நினைத்து நான் தவிப்பது எப்படித் தெரிந்ததோ, அக்கா அன்றைக்குச் சாயங்காலமே வீட்டுக்கு வந்துவிட்டது. "புள்ளைய என்ற ஊட்டுல உடு. நான் என்ன, வேலைக்கா போகப்போறேன்?" குத்திக் காட்டுவதாக இருந்திருந்தால் தாங்கியிருப்பேன். அக்கா நிஜமாகவே கேட்டது. அதற்குள் குழந்தை அதன் மடியில் ஏறி உட்கார்ந்துவிட்டது. நான் மறுக்கவில்லை. எனக்கு வேறு வழி இருக்கவில்லை என்று என் வீட்டுக்காரர் சொல்வார். என்னால் அப்படி நினைக்க முடிந்ததில்லை.

அந்தப் பிரிவு அப்புறம் ரொம்ப வருஷம் நிற்கவில்லை. கம்ப்யூட்டர் வேலையை மெட்ராசுக்கே எடுத்துக்கொண்டார்கள், குடோனை விற்றுவிட்டார்கள். கற்ற வேலையை வைத்து நான் சேலை டிசைன் போடும் இடத்துக்கு மாறிக்கொண்டேன். என் குடும்பம் விழாமல் நின்றது.

மெட்ராசில் மூன்று மாதம் முடிந்து திரும்பிய அன்று பஸ்ஸை விட்டு இறங்கி நேராக அக்கா வீட்டுக்குத்தான் போனேன். சாமான்களைக் கட்டி வைத்திருந்தார்கள். அக்காவின் வீட்டுக்காரருக்குப் பெருந்துறையில் ஒரு கம்பெனியில் வாட்ச்மேன் வேலை, அக்காவுக்கும் அங்கேயே பேக்கிங்கில் ஏதோ சொல்லியிருக்கிறார்கள். குழந்தை என்னைப் பார்த்ததும் ஓடிவந்தது, பிறகு திரும்பி அக்காவின் சேலையைப் பிடித்துக்கொண்டது. அக்கா அதன் கையை மெதுவாக எடுத்து என் பக்கம் திருப்பிவிட்டது.

காப்பி கொடுத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தது. "சொல்லு கண்ணு, அதுல எப்பிடிப் பெயிண்ட் அடிக்கறது? பிரஷ்ஷு உண்டா?"

"பிரஷ்ஷு இல்லீங்க்கா. டிவி மாதிரி பெட்டியில கோடு போட்ட படம் தெரியும். ஓரத்துல கலரெல்லாம் வரிசையா இருக்கும். ஒண்ணத் தொட்டுட்டு, வேணுங்கற எடத்துல வெச்சு அமுக்குனா அந்தக் கட்டம் பூரா ரொம்பிக்கும்."

"கோட்டைத் தாண்டாதா?"

"தாண்டாதுங்க்கா."

"தப்பாப் போட்டுட்டா?"

"அழிச்சுப்போட்டு மறுக்காப் போட்டுக்கலாம்."

அக்கா கேட்டுக்கொண்டே இருந்தது, தன் கையைப் பார்த்தது. "அவ்வளவுதானா? அது நானே செஞ்சிருப்பனே கண்ணு" என்றது. குறையாகச் சொல்லவில்லை. தெரிந்துகொண்டதைச் சொல்வது போலத்தான் சொன்னது.

இங்கிலீஷ் தெரிய வேண்டும், கண் எரியும், லேசில் வராது என்று பஸ்ஸில் வரும்போதே பதில்களைத் தயார் செய்து வைத்திருந்தேன். "ஆமாங்க்கா" என்றேன். "என்னைவிட நல்லாவே செஞ்சிருப்பீங்க."

அக்கா தலையாட்டியது. எழுந்துபோய்க் குழந்தையின் துணிகளை மடித்துப் பையில் வைத்து என்னிடம் கொடுத்தது. "நேத்திருந்து லேசாச் சளி. ராத்திரிக்கு மொளகு ரசம் வெச்சு சூடாக் குடு. வெசனப்படாதே, சரியாப் போயிரும்" என்றது.