தவிட்டுக்குப் பல் முளைத்தது

என் நாத்தனாருக்கு எங்கள் தெரு வைத்த பெயர் அவசரக்குடுக்கை. அதைச் சொல்லி முடிப்பதற்குள் அவள் தெருமுனையைத் தாண்டிவிடுவாள் என்பதால் குடுக்கை என்று சுருக்கிக்கொண்டோம். நடந்துகொண்டேதான் செருப்பு மாட்டுவாள். ஊதாமல் டீ குடித்து நாக்கைச் சுட்டுக்கொள்வாள். ஒருமுறை தெரிந்தவர் ஒருவர், "ஒரு நல்ல இடம் இருக்கு" என்று ஆரம்பித்ததுமே, "கல்யாணமெல்லாம் வேண்டாங்க" என்று சொல்லிவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டாள். அவர் மாப்பிள்ளையைப் பற்றிச் சொல்ல வந்தாரா, வீட்டு மனையைப் பற்றிச் சொல்ல வந்தாரா என்பது இன்றுவரை யாருக்கும் தெரியாது.

அண்ணியும் நாத்தனாரும் என்றால் கீரியும் பாம்புமாகத்தான் இருக்க வேண்டும் என்று ஊரில் ஒரு நினைப்பு. நினைத்துவிட்டுப் போகட்டும். அவளைப் போல ஒருத்தி இந்தத் தெருவில் இல்லை என்பது என் முடிவு. அவள் காதுபட மட்டும் அதைச் சொன்னதில்லை. சொன்னால் தலைமேல் ஏறி உட்கார்ந்துகொள்வாள்.

அவள் மாவு மில் நடத்துகிறாள். எங்கள் வீட்டிலிருந்து கூப்பிடு தூரம். எடை போடுகிற பெண்ணாகத்தான் அங்கே போய்ச் சேர்ந்தாள். மெஷின் ஓட்டுகிறவர் வராத ஒரு காலையில், வாசலில் தூக்குவாளிகளோடு நின்ற கூட்டத்தைப் பார்க்கச் சகிக்காமல் இவளே சுவிட்சைப் போட்டாள். அப்படியே மில் அவள் கைக்கு வந்தது. மெஷினுக்குள் இருக்கும் கல் தேய்ந்தால் உளியும் சுத்தியலுமாக உட்கார்ந்து அவளே கொத்திவிடுவாள். மாவு விழும்போது ஒரு சிட்டிகை எடுத்துக் கட்டைவிரலால் தேய்த்துப் பார்ப்பாள். துளி கொரகொரப்பு இருந்தாலும் அள்ளி மறுபடி மேலே தொட்டியில் கொட்டுவாள். "எங்க மில்லு மாவு பவுடர் மாதிரி இருக்கணும்" என்பது அவள் கொள்கை. அதற்காகவே பக்கத்து ஊரிலிருந்தெல்லாம் ஆட்கள் வருகிறார்கள்.

நான் இந்த வீட்டுக்கு வாழ வந்தபோது அவள் பால் பல் விழாத சின்னப் பெண். அவளுடைய அம்மா நெடுநாள் படுக்கையில் கிடந்து, ஒரு வாய்கூட இறங்காமல் போய்ச் சேர்ந்திருந்தார். அதைப் பக்கத்திலிருந்து பார்த்த குழந்தை சாப்பிடவே மறுத்தது. நானும் கெஞ்சினேன், கொஞ்சினேன், கத்தினேன். கடைசியில் ஒரு வழி கண்டுபிடித்தேன். தட்டை நடுவில் வைத்து, "உனக்கு ஒண்ணு, எனக்கு ஒண்ணு" என்று அவளுக்கு ஒரு வாய் கொடுத்து நான் ஒரு வாய் சாப்பிட்டேன். சாப்பிட்டாள். ஆனால் நான் என் பங்கை விழுங்கியதை என் தொண்டையைப் பார்த்து உறுதிப்படுத்திக்கொண்டுதான் அடுத்ததற்கு வாயைத் திறப்பாள். அவள் வாழ்க்கையில் பொறுமையாகச் செய்த காரியம் எனக்குத் தெரிந்து அது ஒன்றுதான்.

இப்போது பூனைக்கு வருகிறேன். தானியம் இருக்கிற இடத்தில் எலி, எலி இருக்கிற இடத்தில் பூனை. மில்லில் ஒரு பூனை இருந்தது. வேலை செய்வதைவிட நாற்காலியில் உட்கார்ந்திருந்த நேரம் அதிகம் என்பதால் அதற்கு மேனேஜர் என்று பெயர். அந்த மேனேஜர் சாக்குகளுக்குப் பின்னால் மூன்று குட்டி போட்டது. வெள்ளைக்குட்டிக்கு மாவு, செம்பட்டைக்கு மிளகாய், எல்லாவற்றிலும் சிறிசாகப் பழுப்பு நிறத்தில் இருந்ததற்குத் தவிடு என்று குடுக்கை பெயர் வைத்தாள்.

குட்டிகள் ஓடி விளையாடத் தொடங்கிய நேரத்தில் மேனேஜருக்கு மடி வீங்கிப் புண்ணானது. அதைக் கூடையில் வைத்துக் கால்நடை டாக்டரிடம் தூக்கிக்கொண்டு ஓடினாள். அவர் பார்த்துவிட்டு, இனி குட்டிகள் தாயிடம் குடிக்கக் கூடாது, தனியாக வைத்துச் சாப்பாட்டுக்குப் பழக்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறார். மேனேஜர் மருந்தோடு மில்லில் தங்கியது. குட்டிகள் ஒரு அட்டைப்பெட்டியில் எங்கள் வீட்டுச் சமையலறைக்கு வந்தன.

நான் உடனே ஒரு கிண்ணத்தில் பாலை ஊற்றினேன்.

"ஐயோ அண்ணி, பால் ஆகாது! வயித்தால போகும்."

"பூனைக்குப் பால் ஆகாதா? இது என்னடி புதுக் கதை?"

"டாக்டர் சொன்னாரு. மீனையோ கோழியையோ வேக வச்சு, உப்பு காரம் எதுவும் இல்லாம குழைவா குடுக்கணும்."

என் பாலை நானே குடித்தேன். அவள் வெந்த மீனை முள் எடுத்துவிட்டு மிக்ஸியில் போட்டாள். ஒருமுறை அடித்தாள், தொட்டுப் பார்த்தாள், திருப்தியில்லை. மறுபடி அடித்தாள். பிறகு அதை என் டீ வடிகட்டியில் போட்டு வழித்தாள். அந்த வடிகட்டியை நான் மறுபடி பார்க்கவேயில்லை. தட்டில் வைத்த மீன் மைபோல, கண்ணில் எழுதலாம் போல இருந்தது.

மாவுக்குட்டி நான்கு காலோடும் தட்டில் இறங்கி நின்று நக்கியது. மிளகாய் முதலில் தட்டின் விளிம்பைக் கடித்தது, பிறகு மீனைக் கண்டுபிடித்தது. தவிடு மட்டும் மூக்கை வைத்த வேகத்தில் அந்தக் கூழ் மூக்குக்குள் ஏறி, தும்மித் தும்மிப் பின்னால் போய் விழுந்தது. அன்றிலிருந்து தட்டைக் கண்டாலே ஓட்டம். விரலில் எடுத்து வாயில் தடவினால் மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டு தலையை உதறும். பெட்டியிலிருந்த துணியின் மூலையைத் தாயின் மடி என்று சப்பிக்கொண்டே கிடந்தது.

குடுக்கை என்ன செய்தாள்? இன்னும் மைய அரைத்தாள். வெந்நீர் விட்டு அரைத்தாள், கோழியை அரைத்தாள், மறுபடி மீனை அரைத்தாள். "அரைச்ச மாவையே அரைச்சிட்டிருக்க" என்று நான் சொன்னதற்கு முறைத்தாள். குட்டியின் விலா எலும்பு கையில் தட்டுப்பட ஆரம்பித்தது. டாக்டருக்கு போன் செய்தாள். "நாளைக்கும் சாப்பிடலைன்னா தூக்கிட்டு வாங்க. குழாய் வச்சுத்தான் குடுக்கணும். இவ்வளவு சின்ன உடம்பு அதைத் தாங்குமான்னு சொல்ல முடியாது" என்றார் அவர்.

போனை வைத்துவிட்டு அடுப்பங்கரையில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். அவள் காரணமில்லாமல் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை.

"சாப்பிடாம ஒண்ணு கண்ணு முன்னாடி போறதை இன்னொரு தடவை பார்க்க முடியாது அண்ணி" என்றாள். நான் துடைத்த அடுப்பையே மறுபடி துடைத்தேன்.

மறுநாள் பார்த்து மில்லில் மிளகாய் அரைப்பு. ஒரு பெரிய ஓட்டலுக்கு ஒப்புக்கொண்டது, தள்ளிப்போட முடியாது. மிளகாய் அரைக்கிற நாளில் அவள் யாரையும் தொட மாட்டாள். எத்தனை சோப்புப் போட்டுக் கழுவினாலும் காரம் விரலை விட்டுப் போகாது. ஒருமுறை அந்தக் கையால் அவள் அண்ணன் கண்ணிலிருந்து தூசி எடுக்கப்போய், என் வீட்டுக்காரர் தெருக்குழாய்க்கடியில் தலையை நீட்டிப் படுத்துக்கொண்டது தனிக்கதை. ஆகவே தவிட்டை என் பொறுப்பில் விட்டுவிட்டுப் போனாள்.

நான் தடவிப் பார்த்தேன், கெஞ்சிப் பார்த்தேன். மத்தியானம் அரைத்து முடித்துவிட்டு, குளித்து, ஈரத்தலையோடு ஓடிவந்தாள். சமையலறை வாசலில் கைகளை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றாள். கண் இரண்டும் சிவந்திருந்தன. மிளகாயாகவும் இருக்கலாம்.

"சாப்பிட்டுச்சா?"

"இல்லடி. என் விரலைத்தான் கடிக்குது. பாரு, ரத்தம் வராத குறை."

வாசலில் நின்றவள் அசையவில்லை. "கடிக்குதா? சப்பலையா?"

"சப்பினா நான் ஏன் கத்தப்போறேன்?"

"அண்ணி, விரலை நல்லா உள்ள விட்டுத் தேய்ச்சுப் பாருங்க. ஓரத்துல. எப்படி இருக்கு?"

"ஏன், நீ மாவு பார்க்கிற மாதிரியா?"

"பாருங்க அண்ணி!"

பார்த்தேன். ஓரத்து ஈறில் வரிசையாகக் குத்தியது. "முள்ளு முள்ளா இருக்குடி. புதுசா கொத்தின கல்லு மாதிரி கொரகொரன்னு இருக்கு."

அவள் தலையை வாசல் நிலையில் முட்டிக்கொண்டாள். கைதான் பின்னால் இருக்கிறதே, வேறு எதனால் அடித்துக்கொள்வாள்? "கொத்தின கல்லுல யாராவது மாவைப் போடுவாங்களா? நான்தான் போட்டுக்கிட்டிருக்கேன்! பல்லு முளைச்சிடுச்சு, அது அரைக்கணும்னு நிக்குது அண்ணி. அரைச்சு முடிச்சதைக் கொண்டுபோய் அதோட மூக்குல அப்பியிருக்கேன். மீனைப் பிச்சு போடுங்க. மசிக்காதீங்க. உதிரியா, அரிசி அளவுக்கு!"

வேக வைத்த மீன் கொஞ்சம் மீதி இருந்தது. உதிர்த்துத் தரையில் வைத்தேன். தட்டு வேண்டாம் என்று அவள்தான் சொன்னாள், தட்டைக் கண்டால் அது பயப்படுகிறதாம். தவிடு மோந்தது. பின்வாங்கியது. மறுபடி மோந்தது.

"சொல்லுங்க அண்ணி" என்றாள் மெதுவாக.

"என்னத்தைச் சொல்ல?"

"உனக்கு ஒண்ணு, எனக்கு ஒண்ணு. அதைச் சொல்லுங்க."

"பூனைக்கு அது புரியுமாடி?"

"நீங்க சொன்னா சாப்பிடும். நான் சாப்பிட்டேனே."

சொன்னேன். ஒரு துணுக்கு மீனை எடுத்து, உப்பில்லாத அந்தக் கண்றாவியை என் வாயில் போட்டு மென்றேன். தவிடு என்னைப் பார்த்தது. பிறகு தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து, ஓரத்துப் பல்லில் ஒரு துணுக்கை வாங்கி, நறுக் நறுக்கென்று கடித்தது. விழுங்கியது. அடுத்ததை எடுக்கும்போது தொண்டைக்குள்ளிருந்து உர்ரென்று ஒரு சத்தம். யாரும் பிடுங்கிவிடக் கூடாதாம்!

"கேட்டீங்களா, கேட்டீங்களா? மெஷின் ஓட ஆரம்பிச்சிடுச்சு!" குடுக்கை வாசலில் நின்று குதித்தாள். கையைப் பின்னால் கட்டிக்கொண்டு குதிக்கிற ஒரு பெரிய மனுஷியை அன்றுதான் பார்த்தேன். மாவும் மிளகாயும் பயந்து பெட்டிக்குள் ஓடின. தவிடு நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

டாக்டருக்கு உடனே சொல்லியாக வேண்டுமாம். நான் நம்பரை அழுத்தி போனை அவள் காதில் பிடித்தேன். அவர் சிரித்தது எனக்கே கேட்டது. "ரெண்டு நாள் கூழா குடுங்க, அப்புறம் கொஞ்சம் கொஞ்சமா கட்டியா குடுங்கன்னு அன்னைக்கே சொல்ல வந்தேங்க. முதல் பாதியைக் கேட்டதும் நீங்க கூடையைத் தூக்கிட்டு ஓடிட்டீங்க."

நான் அவளை ஒரு பார்வை பார்த்தேன். அவள் கூரையைப் பார்த்தாள். இதை வைத்து ஆயுசுக்கும் அவளைக் கேலி செய்யலாம் என்று மனதில் முடிந்து வைத்துக்கொண்டேன். ஆனால் கல்லைக் கொத்துகிறவளுக்குத்தான் அந்தப் பல்லின் அர்த்தம் வாசலில் நின்றபடியே புரிந்தது. என் விரல் அதே வாய்க்குள்தான் காலையிலிருந்து இருந்தது, எனக்கு வலி மட்டும்தான் தெரிந்தது. சும்மா சொல்லக் கூடாது, எனக்குப் பெருமையாக இருந்தது. தெருவில் இறங்கி நாலு பேரிடம் சொல்லிவிட்டு வரலாம் போல இருந்தது.

அப்போதுதான் நினைவுக்கு வந்தது. "நீ சாப்பிட்டியாடி?"

"இல்ல. கையெல்லாம் எரியுது. ஸ்பூன் குடுங்க."

ஸ்பூன் எடுக்கத்தான் எழுந்தேன். என்ன தோன்றியதோ, சோற்றைத் தட்டில் போட்டுப் பிசைந்துகொண்டு அவளைச் சமையலறை வாசற்படியில் உட்காரவைத்து எதிரில் உட்கார்ந்தேன். "வாயைத் திற" என்றேன். வெட்கப்பட்டாள். தெருக்கதவு சாத்தியிருக்கிறதா என்று திரும்பிப் பார்த்துக்கொண்டாள். பிறகு திறந்தாள்.

"உனக்கு ஒண்ணு."

மென்றாள். "உப்பு கம்மி அண்ணி" என்றாள். இத்தனை வருஷத்தில் என் சமையலை அவள் ஒருநாளும் பாராட்டியதில்லை, அன்றைக்கு மட்டும் விட்டுவிடுவாளா?

அடுத்த வாயை எடுத்து நீட்டினேன். உதட்டை இறுக்கி மூடிக்கொண்டாள். சோறு பிடித்த என் கை அப்படியே நின்றது. ஒரு வாய் டீ ஆறும்வரை பொறுக்காதவள், டாக்டர் ஒரு வாக்கியத்தை முடிக்கும்வரை நிற்காதவள், என் தட்டைப் பார்த்தாள், பிறகு என் தொண்டையைப் பார்த்தாள். எனக்கு ஒண்ணு என்று சொல்லி, நான் ஒரு வாய் சாப்பிட்டு விழுங்கும்வரை, வாயைத் திறக்காமல் காத்திருந்தாள்.