சின்னம்மாவின் இருபத்தொன்பது முடிச்சுகள்

மிஷன் பள்ளியில் நான்காம் வகுப்போடு நின்றவள் நான். ஓர் ஊரின் கதையை எழுத எனக்கு என்ன தகுதி என்று பல நாள் தயங்கினேன். படித்தவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். எங்கள் தட்டி லைனைப் பற்றி எந்தக் காகிதத்திலும் ஒரு வரிகூட இல்லை என்பதால்தான் துணிந்தேன். தங்கச் சுரங்கத்துக்குக் கிழக்கே, கற்குவியலின் பின்னால், மூங்கில் தட்டி வைத்துக் கட்டிய நாற்பது குடிசைகள். தாலுகா கணக்கில் அது கிராமமில்லை. நாங்களும் அதை ஊர் என்று சொன்னதில்லை. ஊர் என்றால் வட ஆற்காட்டில் விட்டு வந்த ஊர்தான்.

தட்டி லைனில் அதுவரை ஒரு பிள்ளையும் பிறந்ததில்லை. பிள்ளைப்பேறு நெருங்கும் பெண்களை மாட்டு வண்டியில் தாய் வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். ரயில் வராத காலம். வண்டியில் ஐந்து நாள். எட்டாம் மாதத்தில் பயணம் ஆகாது என்பதால், ஒன்பது பிறந்ததும் கிளம்புவது வழக்கம்.

அடுத்த குடிசையில் இருந்த சின்னம்மா, என் அம்மாவின் தங்கை, முதல் பிள்ளையைச் சுமந்துகொண்டிருந்தாள். அவளிடம் பஞ்சாங்கம் கிடையாது. சித்தப்பாவுக்கு ஞாயிறுதோறும் ஷிப்டு மாறும். அப்போதெல்லாம் வாசல் கயிற்றில் ஒரு முடிச்சுப் போடுவாள். நான்கு முடிச்சு ஒரு மாதம். அந்தக் கயிறு இன்னும் என் கண்ணில் ஆடுகிறது.

கிணற்றடியில் பெண்கள் அவளை விடமாட்டார்கள். "இன்னாடி, எட்டு மாசத்துக்கே இம்மாம் பெரிய வயிறு? ரெண்டு கீதா உள்ள?" என்பார்கள். "ரெண்டு இருந்தா உனக்கு ஒண்ணு தர்றேன் போ" என்பாள் சின்னம்மா.

இருபத்தொன்பதாம் முடிச்சுப் போட்ட மறுவாரம், பட்டப்பகலில் அவளுக்கு வலி எடுத்தது. ஆண்கள் சுரங்கத்துக்குள் இருந்தார்கள். அம்மாவின் முகம் வெளுத்துவிட்டது. எட்டாம் மாதப் பிள்ளை தங்காது என்பதில் எங்கள் ஜனத்துக்குச் சந்தேகமே இல்லை. பக்கத்துத் தெலுங்குக் கிராமத்து மருத்துவச்சியை யாரோ ஓடிப்போய் அழைத்து வந்தார்கள். எட்டு வயதுப் பெண்ணான என்னை வெளியே நிறுத்தினாலும், தட்டியின் இடுக்கு வழியாக எல்லாம் தெரிந்தது.

பெண் குழந்தை. அழுதது. ஆனால் சின்னம்மா முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டாள்.

"காட்டாதீங்கக்கா. மூஞ்சியப் பாத்துட்டா என்னால விட முடியாது."

அம்மா குழந்தையை ஏந்தியபடி நின்றாள். மருத்துவச்சி குழந்தையை வாங்கி, விரல்களைப் பிரித்து, நகத்தைத் தடவிப் பார்த்துவிட்டு உரக்கச் சிரித்தாள்.

"எவரம்மா எட்டு மாசம் சொன்னது? நெலலு நிண்டாயி! மாசம் நெறைஞ்ச புள்ள இது. நகம் பாரு, என் கையக் கீறுது. எண்ணத் தெரியாதா உங்களுக்கு?"

அம்மா வாசல் கயிற்றைப் பார்த்தாள். பிறகு தலையில் அடித்துக்கொண்டாள். "அடிப் பாவி! சுரங்கத்துல தண்ணி ஏறிச்சே, ஏழு வாரம் எல்லாரும் மேலயே பகல் வேலை பாத்தாங்களே. ஷிப்டே மாறல. நீ முடிச்சுப் போட்டியா?"

சின்னம்மா மெல்லத் திரும்பினாள். "ஷிப்டு மாறாம எப்டிக்கா போடறது?"

வாசலில் நின்ற பெண்கள் சிரித்தார்கள்; சிலர் அழுதார்கள். சின்னம்மா இரு கைகளையும் நீட்டினாள். குழந்தையின் முகத்தை அவள் பார்த்துக்கொண்டே இருந்தாள். எவ்வளவு நேரம் என்று எனக்குத் தெரியாது. அம்மா கஞ்சி கொண்டுவந்தபோதும் நிமிரவில்லை.

இப்போது அங்கே கல் வீடுகள், பள்ளிக்கூடம், கோயில் எல்லாம் வந்துவிட்டன. எந்த ஊர் என்று கேட்டால் பிள்ளைகள் தயங்காமல் அந்த இடத்தையே சொல்கிறார்கள். அப்படிச் சொல்லக்கூடிய முதல் ஆள் அன்று சின்னம்மாவின் மடியில் கிடந்தாள்.

மறுநாள் காலை, பிரசவத்துக்குத் தாய் வீடு போக வண்டி பேசியிருந்த கடைசி வரிசைப் பெண், வண்டிக்காரரை வெறும் வண்டியோடு திருப்பி அனுப்பினாள்.