அந்தக் கம்ப்யூட்டர் எனக்கு வேணும்

கர்ப்பப்பையை எடுத்துவிட்டு வீட்டுக்கு அனுப்பும்போது, மூன்று மாதம் தறிப்பக்கமே போகக் கூடாது, குடம்கூடத் தூக்கக் கூடாது என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார். எனக்கு அப்போது நாற்பத்து நான்கு வயது. செல்லூரில் ஒரு விசைத்தறிக் கூடத்தில் பதினாறு வருடமாக வேலை. நான்கு தறிகளுக்கு நடுவே நாள் முழுக்க நின்றுகொண்டே இருக்கவேண்டும். நின்றே பழகிய எனக்கு 'உட்காரு' என்று சொன்னதுதான் ஆபரேஷனைவிடப் பெரிய தண்டனையாக இருந்தது.

பார்க்க வந்தவர்கள் எல்லாரும் சாத்துக்குடியை வைத்துவிட்டு டிவியைப் போட்டுவிட்டுப் போனார்கள். "நல்லா சீரியலப் பாரு, பொழுது போயிரும்." பத்தாவது நாள் அந்த டிவிப் பெட்டியைப் பார்த்தாலே எரிச்சலாக வந்தது. யாராவது அழுதுகொண்டே இருந்தார்கள். அதை உட்கார்ந்து பார்க்க நான் எதற்கு?

உள்ளறையில் மகனின் கம்ப்யூட்டர் கிடந்தது. கல்லூரி முடித்துச் சென்னையில் வேலைக்குச் சேர்ந்தவன், அங்கே லேப்டாப் கொடுத்துவிட்டார்கள் என்று இதை விட்டுவிட்டுப் போயிருந்தான். தூசி படியாமல் இருக்க ஒரு பழைய சேலைத் துணியை நான்தான் போர்த்தி வைத்திருந்தேன். ஆன் பண்ணவும் ஆஃப் பண்ணவும் போட்டோ பார்க்கவும் தெரியும். அதற்குமேல் தெரியாது. ஒருநாள் மதியம் துணியை எடுத்துவிட்டு ஆன் பண்ணினேன்.

போட்டோக்களுக்குப் பக்கத்தில் 'கேம்ஸ்' என்று ஒரு ஃபோல்டர். உள்ளே வரிசையாகப் பெரிய பெரிய ஃபைல்கள். ஒவ்வொன்றுக்கும் முன்னால் ஒரு சின்ன டிஸ்க் படம். மகனுக்குப் போன் போட்டேன்.

"அதெல்லாம் ஐஎஸ்ஓ ஃபைலும்மா. டிஸ்குல இருக்கிறத அப்படியே ஒரே ஃபைலா எடுத்து வச்சிருக்கேன். டிஸ்குல கீறல் விழுந்துரும்ல, அதுக்காக."

"அதுல எப்படி விளையாடுறது?"

அவன் சிரித்தான். போனை ஸ்பீக்கரில் போட்டிருந்தான் போல. கூட இருந்தவர்களும் சிரித்தது கேட்டது. "அம்மா கேம் ஆடப் போகுதாம்டா" என்றான் யாரிடமோ. பிறகு என்னிடம், "எதையும் தொட்டுக் கெடுத்துராதம்மா. சும்மா விடு" என்றான்.

போனை வைத்துவிட்டேன். இனி இவனிடம் கேட்பதில்லை என்று அந்த நிமிஷமே முடிவு செய்தேன்.

நான் பத்தாவது வரை படித்தவள். இங்கிலீஷை எழுத்துக்கூட்டி வாசிப்பேன், அர்த்தம் பாதிதான் விளங்கும். ஆனால் போன் கேமராவைக் காட்டினால் அது தமிழில் மாற்றிச் சொல்லும். ஃபைல்மேல் மவுஸின் வலது பட்டனை அமுக்கியதும் ஒரு பட்டியல் வந்தது. முதல் வார்த்தை 'மவுண்ட்'. அதற்குக் கேமராவைக் காட்டினேன். 'மலை' என்றது. இன்னொன்றுக்கு 'வட்டுப் படத்தை எரி' என்றது. எந்த மலை, எதை எரிப்பது என்று ஒன்றும் புரியவில்லை. சரி, முதலில் மலையைப் பார்ப்போம் என்று அதை அமுக்கினேன். கம்ப்யூட்டரில் புதிதாக ஒரு டிஸ்க் டிரைவ் முளைத்தது. வீட்டில் டிஸ்கே இல்லை. ஆனால் டிஸ்க் போட்டிருப்பதாகக் கம்ப்யூட்டர் நம்பிவிட்டது. உள்ளே 'செட்டப்' என்று இருந்தது. அதுதான் வாசல் என்று தெரிந்துவிட்டது.

ஒவ்வொரு கேள்விக்கும் கேமராவைக் காட்டி, அது சொல்வதில் பாதியைத் தள்ளிவிட்டு, அடுத்தது அடுத்தது என்று போனேன். ஒரு பச்சைக் கோடு மெதுவாக நீள ஆரம்பித்தது. அரை மணி நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். கோடு முக்கால்வாசியைத் தாண்டியபோது கரண்ட் போனது.

அன்றைக்குப் பராமரிப்பு என்று சாயங்காலம்வரை கரண்ட் வரவில்லை. மறுநாள் முதலிலிருந்து தொடங்கினேன். இந்தத் தடவை கோடு பாதி போனதும் நின்றுகொண்டது. இரண்டாவது டிஸ்கைப் போடு என்று திரையில் ஒரு சின்னப் பெட்டி கேட்டது.

வீடு முழுக்கத் தேடினேன். டிவி ஸ்டாண்டின் அடியில் ஒரே ஒரு டிஸ்க் அகப்பட்டது. கம்ப்யூட்டரின் தட்டைத் திறந்து அதைப் போட்டேன். அடுத்த நொடி நாதஸ்வரம் முழங்கியது. மகனின் காதுகுத்து வீடியோ. திரையில் நான் ஒல்லியாக, தலை நிறையப் பூவோடு, பந்தியில் அப்பளம் வைத்துக்கொண்டிருந்தேன். அதற்கு முன்னால் அந்தச் சின்னப் பெட்டி அசையாமல் நின்று, இரண்டாவது டிஸ்கைப் போடு என்றது. தையல் போட்ட இடம் வலிக்கிற அளவுக்குத் தனியாக உட்கார்ந்து சிரித்தேன். பிறகுதான் அந்த ஃபோல்டரில் அதே பெயரில் கடைசியில் 2 என்று போட்ட ஃபைல் கண்ணில் பட்டது. அதையும் 'மலை' ஆக்கினேன். கோடு மறுபடி நகர்ந்தது.

கேம் திறந்தபோது ஒரு குதிரை. அதன்மேல் இரும்புச் சட்டை போட்ட ஒருத்தன். எதிரே பனி மலை, காடு, ஆறு. போகச் சொல்லி அம்புக்குறி ஒரு பக்கம் காட்டியது. நான் வேறு பக்கம் போனேன். யாரும் ஏன் என்று கேட்கவில்லை. ஒரு வாரம் சண்டையே போடாமல் அந்தக் காடு முழுக்கச் சுற்றினேன்.

என் வீட்டுக்காரர் மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டில் லோடு ஆட்டோ ஓட்டுகிறார். விடியுமுன் போனால் மதியம் வந்து சாப்பிட்டுத் தூங்குவார். வாள் சத்தத்தில் எழுந்து வந்து பின்னால் நின்றார்.

"என்னடி இது, சின்னப்பிள்ளையாட்டம்?"

"சத்தத்தக் குறைக்கிறேன், நீங்க படுங்க."

"அக்கம்பக்கத்துல என்ன நினைப்பாக?"

"நினைச்சுட்டுப் போறாக."

அக்கம்பக்கத்தில் நினைத்தார்கள்தான். ஆபரேஷனுக்கு மயக்க மருந்து கொடுத்ததில் எனக்கு மூளை கொஞ்சம் பிசகிவிட்டதாகத் தெருக் குழாயடியில் பேச்சு என்று ஒருத்தி வந்து சொன்னாள். "ஆமா, பிசகிருச்சு" என்று அவளை அனுப்பிவைத்தேன்.

பிறகு கேமில் சண்டைக்கு வந்தேன். ஒரு பாலத்தில் இரும்புத் தலையோடு ஒரு ராட்சசன் நிற்பான். அவனைக் கொல்லாமல் அந்தப் பக்கம் போகமுடியாது. ஒரே அடியில் என்னைச் சாய்த்துவிடுவான். மகன் முன்பு விளையாடிச் சேமித்து வைத்ததும் கம்ப்யூட்டரில் அழியாமல் இருந்தது. திறந்து பார்த்தால் அவனும் அந்தப் பாலத்துக்கு முன்னால்தான் நின்றிருந்தான். அதற்குமேல் போகவில்லை.

நாற்பது தடவைக்குப் பிறகு எத்தனை முறை செத்தேன் என்று எண்ணுவதை விட்டுவிட்டேன். மூன்று மாதம் முடிந்து தறிக்குத் திரும்பியும் விடவில்லை. ஷிப்ட் முடிந்து வந்து முகம் கழுவிவிட்டு உட்காருவேன். ராட்சசன் கதாயுதத்தை ஓங்குமுன் தோளை லேசாகக் குலுக்குவான் என்பதைக் கண்டுபிடித்தேன். ஓடுகிற தறியில் நூல் அறுவதைச் சத்தத்திலேயே பிடிக்கிற ஆள் நான். அந்தக் குலுக்கல் எனக்குப் போதும். அவன் குலுக்கினால் நான் இடதுபக்கம் உருளுவேன். எழுந்து ஒரு வெட்டு. மறுபடி உருளல். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, அடுப்பில் பருப்பு வெந்துகொண்டிருக்கும்போது அவன் விழுந்தான். பருப்பு தீய்ந்துபோனது. அதையே பரிமாறினேன்.

அடுத்த மாதம்தான் பிரச்சினை வந்தது. திருமங்கலத்தில் கட்டிக்கொடுத்த என் நாத்தனார், புருஷனோடும் மகளோடும் ஆட்டோவில் வந்து இறங்கினாள். கையில் இரண்டு போர்வை. மானிட்டரைச் சுற்றி எடுத்துப்போக.

"மதினி, கம்ப்யூட்டர் சும்மாதான் கெடக்குன்னு அண்ணே சொல்லுச்சு. பிள்ளைக்குக் காலேஜ் தொறக்கப் போகுது. அதான் எடுத்துட்டுப் போயிரலாம்னு வந்தோம்."

என் வீட்டுக்காரர் என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் வாக்குக் கொடுத்திருந்தார். காபிக்குப் பால் வைத்துக்கொண்டிருந்த நான் அடுப்பை அணைத்துவிட்டு வந்தேன்.

"சும்மா கெடக்கல. நான் விளையாடிக்கிட்டு இருக்கேன்."

அவள் வேடிக்கை என்று நினைத்துச் சிரித்தாள். நான் சிரிக்கவில்லை என்றதும் நிறுத்திவிட்டாள்.

"படிக்கிற பிள்ளைக்குத்தான கேக்குது" என்றார் வீட்டுக்காரர். "உனக்கு எதுக்குடி? எந்த வேலைக்காச்சும் ஆகுமா அது?"

"ஆகாது. அந்தக் கம்ப்யூட்டர் எனக்கு வேணும்."

அவர்கள் நான்கு பேரும் என்னையே பார்த்தார்கள். அதற்குமேல் ஒரு காரணம் சொல்வேன் என்று காத்திருந்தார்கள். என்னிடம் காரணம் இல்லை. உடம்பு சரியில்லை என்று சொல்லியிருக்கலாம், மகன் கேட்பான் என்று பழியைத் தூக்கி அவன்மேல் போட்டிருக்கலாம். சொல்லப் பிடிக்கவில்லை.

நாத்தனார் மகள் வாசலோரம் தலையைக் குனிந்து நின்றாள். அவள்மேல் எனக்கு ஒரு கோபமும் இல்லை. "தாயி, காலேஜ் முடிஞ்சதும் இங்க வா. நான் ஷிப்ட்ல இருக்கிற நேரமெல்லாம் நீ வச்சுப் படி" என்றேன்.

"எம்மக உங்க வீட்டு வாசல்ல வந்து காத்துக் கெடக்கணுமா மதினி?" என்று நாத்தனார் போர்வைகளை மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டாள். "அம்புட்டுப் பெரிய விளையாட்டு. விளையாடுங்க." காபி குடிக்காமல் போனார்கள்.

வீட்டுக்காரர் என்னோடு பேசுவதை நிறுத்திவிட்டு, மகனிடம் பஞ்சாயத்துக்குப் போனார். அவன் போன் பண்ணினான்.

"கொடுத்துரும்மா. உனக்கு ஒரு டேப்லெட் வாங்கித் தாரேன். சாமி பாட்டுக் கேட்டுக்கிட்டு இருக்கலாம்."

"சாமி பாட்டு இங்க கோயில் ரேடியோக் குழாயிலயே கேக்குது. நீ தாண்டாத பாலத்த நான் தாண்டிட்டேன், தெரியுமா?"

"எந்தப் பாலம்?"

"இரும்புத் தலையன் நிக்கிற பாலம்."

"சும்மா சொல்லாதம்மா."

"வந்து பாரு."

"எப்படிம்மா தாண்டுன?" என்றான். அந்தக் குரலில் சிரிப்பு இல்லை. தோள் குலுக்கலைச் சொன்னேன், எந்தப் பக்கம் உருளவேண்டும் என்று சொன்னேன். கவனமாகக் கேட்டுக்கொண்டான். கடைசியில், "இருந்தாலும் கொடுத்துரும்மா, பாவம், பிள்ள படிக்கணும்ல" என்றான். நான் கொடுக்கவில்லை.

இரண்டு மாதத்தில் அந்தப் பிள்ளைக்கு அவள் அப்பா ஒரு லேப்டாப் வாங்கிக் கொடுத்துவிட்டார். அது எனக்கு நிம்மதிதான். அவரால் வாங்க முடியாமல் போயிருந்தால் கொடுத்திருப்பேனா என்று என்னை நானே கேட்டிருக்கிறேன். சில நாள் கொடுத்திருப்பேன் என்று தோன்றும். சில நாள் அப்படித் தோன்றாது. நான் செய்தது நல்ல காரியம் என்று சொல்ல வரவில்லை. அந்த வீட்டில் பானை முதல் பாய்வரை யார் கேட்டாலும் எடுத்துக் கொடுத்தவள் நான். ஒன்றைக் கொடுக்கமாட்டேன் என்று சொல்ல எனக்கு நாற்பத்து நான்கு வயதாகியிருந்தது. சொன்ன அந்த வார்த்தையைத் திரும்ப வாங்கிக்கொள்ள நான் தயாராக இல்லை.

வீட்டுக்காரர் பன்னிரண்டாம் நாள் பேசினார். குழம்பில் உப்பு இல்லை என்றார். அங்கிருந்து மெல்ல மெல்ல மற்ற பேச்சுகளும் வந்தன.

நாத்தனார் மட்டும் ஒரு வருடத்துக்குமேல் பேசவில்லை. போன தை மாதம் திருமங்கலத்தில் ஒரு கல்யாண மண்டபத்தில் எதிர் வரிசையில் உட்கார்ந்திருந்தாள். நான் பந்திக்கு எழுந்தபோது பக்கத்தில் இருந்த பெண்களிடம், எனக்குக் கேட்கும்படியாகவே, "இவுகதான் நம்ம கேம் ஆடுற மதினி" என்றாள். அவர்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். முன்பென்றால் தலையைக் குனிந்துகொண்டு போயிருப்பேன்.

நின்றேன். "ஆமாத்தா, நான்தான்" என்றேன். "அது முடிஞ்சிருச்சு. இப்ப மூணு டிஸ்க் உள்ளது ஒண்ணு ஏத்திருக்கேன்."

சிரிப்பு நின்றுபோனது. அவர்களில் ஒருத்தி, என் வயதுதான் இருக்கும், "அதுல என்ன அக்கா வரும்?" என்று கேட்டாள். அவளுக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலி காலியாக இருந்தது. பந்தி அடுத்த சுற்றில் பார்த்துக்கொள்ளலாம் என்று உட்கார்ந்து சொல்ல ஆரம்பித்தேன்.