கீழே நிற்பவர்

எங்கள் ஜாஸ் குழுவின் பஸ் கிளம்பப் போகிறது. ஆம்புரோஸ் கேட்லின் இன்னும் தன் பேஸுக்குக் கம்பளி போர்த்தி முடிக்கவில்லை. ஆளை விட உயரமான அந்த நாலு தந்தி வாத்தியத்துக்கு டிரைவருக்குப் பின்னால் இருக்கும் முழு இருக்கையும் சொந்தம். அண்ணன் என்று நாங்கள் கூப்பிடும் கேட்லின், படிக்கட்டை ஒட்டிக் கவிழ்த்துப் போட்ட சோடாப் பெட்டியில் உட்கார்ந்து வருவார். நெப்ராஸ்காவின் ஜனவரிக் குளிர் கதவிடுக்கில் நுழைந்து முதலில் அவரைத்தான் பிடிக்கும். "எனக்குச் சளி புடிச்சா தும்மிட்டுப் போயிடுவேன். அதுக்குப் புடிச்சா மரம் வெடிச்சிரும்" என்பார்.

ஒமாஹா நகரின் இருபத்துநாலாம் தெருவில் அவரைத் தெரியாதவர்கள் இல்லை. ஆறடி மூன்றங்குலம், எப்போதும் சாம்பல் நிற உடுப்பு, பையில் இஞ்சி மிட்டாய். விரல் நுனிகள் செருப்புத்தோல் மாதிரி காய்த்திருக்கும். அடுப்பிலிருந்து கொதிக்கும் சட்டியை இறக்க அவர் மனைவி ஒடெஸா துணி தேடுவதில்லை; அவரைக் கூப்பிடுவாள்.

இறைச்சித் தொழிற்சாலையில் வேலை பார்த்த காலத்தில், தொழிலாளர் பாண்டு வாத்தியக் குழுவில் டியூபா என்ற பெரிய ஊதுகுழலை ஊதியவர். ஏன் தந்தி வாத்தியத்துக்கு மாறினீர்கள் என்றால் ஒரே பதில்தான்: "ஊதிக்கிட்டே உங்கள எப்படிடா திட்டுறது?" பன்னிரண்டு பேர் கொண்ட குழுவை ஒன்பது வருடமாகப் பின்வரிசையில், டிரம்ஸுக்குப் பக்கத்தில் நின்றபடியே நடத்துகிறார். எங்கள் எல்லோருடைய வாசிப்புக்கும் அடியில் அவருடைய பேஸ் நடந்துகொண்டிருக்கும். நான் அதில் இரண்டாம் டிராம்போன் ஊதுகிறவன். கொஞ்சம் பிசகினாலும் "வெர்னன், தூக்கமா?" என்று முதுகுக்குப் பின்னாலிருந்து குரல் வரும். தாளம் மட்டும் நிற்காது.

போன வருடம், 1938 அக்டோபரில், எங்கள் சாக்ஸபோன்காரன் கிளியோஃபஸ் ரட்டை நியூயார்க்கின் பெரிய குழு ஒன்று கூப்பிட்டது. ஜனங்கள் வந்ததே அவன் வாசிப்பைக் கேட்கத்தான். மூன்று நாள் அவன் யார் முகத்தையும் பார்க்கவில்லை. நாலாம் நாள் சாப்பாட்டுக் கடையில், பொரித்த கெளுத்தி மீனைப் பிய்த்துக்கொண்டே அண்ணன் சொன்னார்: "ரயில் வியாழக்கிழமை பத்தேகாலுக்கு. நானே ஸ்டேஷன்ல கொண்டுபோய் விடுறேன். மீனச் சாப்பிடு, ஆறுது."

ரட் அழுதுவிட்டான்.

அடுத்த இரண்டு வாரத்தில் மூன்று நடன அரங்குகள் எங்களை வேண்டாம் என்றன. எப்படி அவனைப் போகவிடலாம், இனி எங்கள் கதி என்ன என்று சண்டைக்குப் போனவன் நான்தான். அவர் மிட்டாய் உறையைப் பிரித்தபடி, ரட்டின் பகுதியை இனி நீ வாசி என்றார். தனியாக எழுந்து நின்று ஒரு நாளும் வாசித்ததில்லை. பாதியிலே விழுந்துவிடுவேன் என்றேன்.

"விழுடா. கீழ நான்தான நிக்கிறேன்."

லிங்கன் நகரில் ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் நடனம். எங்களுக்குப் புதிய அரங்கு, நானூறு பேர். ரட்டின் பாட்டைத்தான் கேட்டார்கள். எழுந்தேன். முதல் எட்டு ஆவர்த்தம் எப்படியோ போயிற்று. அப்புறம் மண்டைக்குள் துடைத்த சிலேட்டு. டிராம்போன் வாயில் இருக்கிறது, காற்று வரவில்லை.

பின்னால் பேஸின் நடை நின்றது. ஒரே ஸ்வரத்தைச் சுற்றிச் சுற்றி வாசிக்க ஆரம்பித்தார், பாட்டே அப்படித்தான் என்பது போல. டிரம்ஸும் அவரோடு ஒட்டிக்கொண்டது. ஆடுகிறவர்கள் இதையும் வேடிக்கை என்று நினைத்து நின்ற இடத்திலேயே குதித்தார்கள். மூன்றாவது சுற்றில் எனக்கு வழி தெரிந்தது. "ம்" என்றார் பின்னாலிருந்து. அதற்கப்புறம் நான் வாசித்ததில் ரட்டின் சாயலே இல்லை. ஆனால் யாரும் ஆட்டத்தை நிறுத்தவில்லை. அதையே மறுபடி வாசிக்கச் சொன்னார்கள்.

முடிந்ததும் அரங்கின் மேலாளர் வியர்வையோடு மேடையேறினார். வசந்தம் வரை எல்லா ஞாயிறும் நீங்கள்தான், உங்களில் தலைவர் யார் என்று கையை நீட்டிக்கொண்டு எங்களைப் பார்த்தார். அண்ணனின் இரண்டு கையும் பேஸைப் பிடித்திருந்தன. மோவாயை மட்டும் நீட்டி என்னைக் காட்டினார்.