பாதை ஓடாத மாதங்கள்

என் தங்கையின் வீட்டுக்கு இரண்டு வழிகள் இருக்கின்றன. ஒன்று கடல் வழி. ஊர்காவற்றுறை இறங்குதுறையில் நின்றால் எதிரே காரைநகர்க் கரை தெரியும். அங்கே நிற்கிற மோட்டார் சைக்கிள் சிவப்பா கறுப்பா என்றுகூடச் சொல்லிவிடலாம். இரண்டு கரைக்கும் நடுவே ஒரு தட்டையான இரும்பு மிதவை ஆட்களையும் சைக்கிள்களையும் ஏற்றிக்கொண்டு போய்வரும். அதை நாங்கள் பாதை என்போம். பக்கத்தில் நிற்பவரோடு கதையைத் தொடங்கினால் முடிப்பதற்குள் அக்கரை வந்துவிடும்.

மற்றது தரை வழி. வேலணை, அல்லைப்பிட்டி, பண்ணைப் பாலம் என்று யாழ்ப்பாண நகரம் வரை போய், அங்கே பஸ் மாறி, வட்டுக்கோட்டை, பொன்னாலைப் பாலம் என்று திரும்பக் கடலை நோக்கி வரவேண்டும். காலையில் வெளிக்கிட்டால் மத்தியானச் சோற்றுக்குப் போய்ச் சேரலாம். அதுவும் நகரத்தில் அடுத்த பஸ் காத்து நின்றால்.

தங்கைக்குக் காரைநகரில் சம்பந்தம் பேசியபோது அப்பா இறங்குதுறைக்குப் போய் நின்று பார்த்துவிட்டு வந்தார். "உதென்ன தூரம்? கூப்பிட்டால் கேக்கும்" என்றார். அந்தக் காலத்தில் பாதை ஒழுங்காக ஓடியது. மூத்தவள் எனக்குக் கலியாணம் சரிவரவில்லை. வேலணையில் ஒரு கந்தோரில் எழுதுவினைஞராக வேலை. நான் அப்பா அம்மாவோடு வீட்டில் இருந்துவிட்டேன். அப்பா போன பிறகு அம்மா எங்கள் இரண்டு பேரிடமும் மாறி மாறி இருப்பதென்று ஏற்பாடு. வெயில் காலத்தில் அங்கே, மழை தொடங்க இங்கே. யாரும் உட்கார்ந்து பேசி முடிவெடுத்ததில்லை. ஒரு பையில் நாலு சீலையை வைத்துக்கொண்டு அம்மா பாதையில் ஏறிவிடுவார், அவ்வளவுதான்.

அம்மாவுக்கு பஸ் ஒத்துவராது. டீசல் மணம் பட்டவுடனே தலை சுற்றும், சாப்பிட்டதெல்லாம் சத்தி எடுப்பார். வாழ்நாளில் யாழ்ப்பாணத்துக்கு அவர் போன தடவைகள் எல்லாம் சத்தி எடுக்க மடியில் ஒரு சொப்பின் பையோடு போன தடவைகள்தான். ஆனால் பாதையில் அவருக்கு ஒன்றும் செய்யாது. கம்பியைப் பிடித்துக்கொண்டு முன்னுக்குப் போய் நிற்பார். காற்றில் சீலைத் தலைப்பு பறக்க, தெரிந்த முகங்களிடம் சுகம் விசாரித்துக்கொண்டே போவார்.

பெற்றோலுக்கு வரிசையில் நின்ற காலம் முடிந்து, இனி எல்லாம் சரிவரும் என்று சனம் நம்பத் தொடங்கிய நேரத்தில்தான் பாதை நின்றது. முதலில் "எஞ்சின் சரியில்லை, நாளைக்கு ஓடும்" என்றார்கள். பிறகு சாமான் கொழும்பிலிருந்து வரவேணும் என்றார்கள். அதற்குப் பிறகு திருத்த வேலைக்கென்று அதையே இழுத்துக்கொண்டு போய்விட்டார்கள். பொறுப்பான கந்தோருக்குப் போன் எடுத்தால் ஒவ்வொரு முறையும் வேறு ஆள் எடுத்து ஒரே பதிலைச் சொன்னார். காரைநகரில் வேலை செய்கிறவர்களும் படிக்கிற பிள்ளைகளும் விடியப்புறம் யாழ்ப்பாண பஸ்ஸில் ஏறத் தொடங்கினார்கள். கண்ணுக்கு முன்னால் தெரிகிற இடத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு புறப்படுவது பார்க்கவே எரிச்சலாக இருக்கும்.

அந்த மாதங்களில்தான் தங்கைக்குக் கர்ப்பப்பை ஒப்பரேசன் நடந்தது. வீட்டுக்கு வந்தும் அவளால் குனிய நிமிர முடியவில்லை. அம்மா பக்கத்தில் இருந்தால் நல்லது என்று எல்லோருக்கும் தெரியும். ஆனால் பாதை நின்றபோது அம்மா இக்கரையில் என்னோடு இருந்தார். நான் ஞாயிற்றுக்கிழமைகளில் சமைத்து எடுத்துக்கொண்டு இரண்டு பஸ் ஏறிப் போவேன். மூன்றாவது முறையோ நாலாவது முறையோ, நான் சாப்பாட்டுக் கரியரை மேசையில் வைக்கும்போது அவள் கட்டிலில் இருந்தபடி கேட்டாள்.

"அம்மாவை ஏன் கூட்டிக்கொண்டு வரேல்லை?"

"அவவுக்கு பஸ்ஸில ஏலாதெண்டு உனக்குத் தெரியும்தானே."

"அவவுக்கு ஏலாதோ, நீங்கள் விடேல்லையோ?"

அவளுடைய புருஷன் கதவடியில் நின்று போனைப் பார்த்துக்கொண்டிருந்தார். தலையை நிமிர்த்தாமலே, "நீங்கள் இருக்கிற வீடு அம்மான்ர பேரிலதானே கிடக்கு. அவவைப் பக்கத்தில வச்சிருந்தால் உங்களுக்கு நல்லதுதான்" என்றார்.

தங்கை அவரைத் தடுக்கவில்லை. நான் கரியரைக் கழுவி எடுத்துக்கொண்டு பஸ்ஸுக்கு நடந்தேன். பொன்னாலைப் பாலத்தில் வரும்போதுதான் அழுகை வந்தது. பக்கத்தில் இருந்த மனிசி ஜன்னலைத் திறந்துவிட்டார், எனக்குச் சத்தி வருகிறது என்று நினைத்து.

அடுத்த கிழமை கடல் வழியைத்தான் முதலில் பார்த்தேன். மீன்பிடிக்கிற ஒருவர் தன் சிறிய போட்டில் அக்கரைக்கு விடச் சம்மதித்தார். அம்மாவும் பையோடு வந்தார். ஆனால் இறங்குதுறையின் விளிம்பிலிருந்து போட்டுக்கு ஓராள் உயர இறக்கம். அலை ஏறும்போது போட் கிட்ட வரும், இறங்கும்போது தூரப் போகும். நானும் இன்னொருவரும் ஆளுக்கொரு கையைப் பிடித்துக்கொள்ள, போட்டுக்காரர் கீழே நின்று இடுப்பைப் பிடிக்கக் கை நீட்டினார். அம்மா ஒரு காலை எடுத்து வைத்தார், பிறகு பின்னுக்கு இழுத்துக்கொண்டார். திரும்பவும் வைத்தார். பிறகு கையை உதறிவிட்டு அங்கேயே சீமெந்தில் குந்திவிட்டார்.

"என்னை மூட்டை மாதிரி இறக்காதேங்கோ" என்றார்.

வீட்டுக்குக் கூட்டிவந்தேன்.

கடைசியில் ஓட்டோ பிடித்தேன். மூடின வாகனமென்றால் அம்மாவுக்கு மோசம், ஓட்டோவில் காற்றாவது வரும் என்று நினைத்தேன். காற்று வந்ததுதான். பண்ணைப் பாலத்தில் பக்கவாட்டுக் காற்று ஓட்டோவைத் தள்ளிக்கொண்டே இருந்தது. முன்னால் போன லொறியின் புகை முழுவதும் உள்ளே வந்தது. பாலம் முடிவதற்குள் அம்மா சத்தி எடுக்கத் தொடங்கிவிட்டார். நகரத்தில் ஒரு தேத்தண்ணிக் கடையில் நிறுத்தி முகம் கழுவிவிட்டேன். வட்டுக்கோட்டைக்குக் கிட்ட திரும்பவும் எடுத்தார், வெறும் தண்ணீர்.

ஓட்டோக்காரர் நல்ல மனிசன். "அக்கா, நிப்பாட்டி நிப்பாட்டிப் போவம். அவசரமில்லை" என்றார்.

பொன்னாலைப் பாலத்தில் ஏறியதும் அம்மா என் தோளில் கிடந்தபடியே கண்ணைத் திறந்து, "இன்னும் எவ்வளவு பிள்ளை?" என்று கேட்டார்.

"கிட்ட வந்திட்டம் அம்மா."

"பாதையில எண்டால் இவ்வளவுக்கும் நான் அங்க போய்ச் சமைச்சு முடிச்சிருப்பன்" என்றார்.

தங்கையின் வாசலில் இறக்கும்போது அம்மாவால் நிற்க முடியவில்லை. நானும் ஓட்டோக்காரரும் தாங்கிக் கொண்டுபோய்க் கதிரையில் இருத்தினோம். சீலையெல்லாம் நனைந்து நாறியது. தங்கை வயிற்றைப் பிடித்துக்கொண்டு உள்ளேயிருந்து வந்தாள். அம்மாவைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

"இந்தக் கோலத்திலயோ கொண்டுவந்து தாறியள்?"

"நீதானே கேட்டனீ" என்றேன்.

"கொண்டுவாங்கோ எண்டு சொன்னனான். கொல்லச் சொல்லேல்லை."

அவளுடைய புருஷன் ஒரு நல்ல வான் பிடித்திருக்கலாமே என்றார். நான் அம்மாவின் சீலையை மாற்றி, அதைக் கிணற்றடியில் அலசிக் காயப்போட்டுவிட்டு, அதே ஓட்டோவில் திரும்பினேன். தேத்தண்ணி குடிக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் குடித்திருக்க மாட்டேன்.

அம்மாவுக்கு அதற்குப் பிறகு காய்ச்சல் வந்து மாறியது. போனில் கதைக்கும்போது ஒன்றைத்தான் சொன்னார்: "இனி அந்த றோட்டால என்னைக் கொண்டு போகாதே. பாதை ஓடட்டும், வாறன்." பாதை ஓடவில்லை. மழை தொடங்கியது, அவர் இங்கே வரவேண்டிய காலம் வந்து போனது. வீட்டில் நான் தனியே இருந்தேன்.

ஊருக்கு அதுவும் ஒரு கதையாகிவிட்டது. ஒரு நாள் வேலணைக்கு பஸ் பார்த்து நின்றபோது, சின்ன வயதிலிருந்து தெரிந்த ஒரு மனிசி கிட்ட வந்தார்.

"என்ன, அம்மாவைக் காரைநகருக்கு அனுப்பிப்போட்டீராம்? தனிச்ச ஆள்தானே நீர். வச்சுப் பார்த்திருக்கலாம்."

அனுப்பவில்லை என்று சொல்ல வாயைத் திறந்தேன். எங்கிருந்து தொடங்குவது? பாதையின் எஞ்சினிலிருந்தா? அதற்குள் பஸ் வந்துவிட்டது. நிற்காத பஸ். உள்ளே இடமில்லையென்று கொண்டக்டர் கையைக் காட்டிக்கொண்டே போனார். அந்த மனிசியும் நானும் அடுத்த பஸ் வரும்வரை பக்கத்தில் பக்கத்தில் நிற்க வேண்டியிருந்தது. தங்கைக்கு நான் அம்மாவைப் பிடித்து வைத்திருந்தவள். ஊருக்கு நான் அம்மாவைத் தள்ளிவிட்டவள். இரண்டு பெயரையும் ஒரே வருசத்துக்குள் சம்பாதித்தேன்.

பாதை திரும்பி வந்தபோது விழா வைத்தார்கள். நீலப் பெயின்ற் அடித்து, வாழைமரம் கட்டி, பெரிய ஆட்கள் வந்து றிபன் வெட்டினார்கள். அவர்கள் அக்கரைக்கு ஒரு தரம் போய்ப் படம் எடுத்துக்கொண்டு வந்து, தங்கள் வாகனங்களில் ஏறித் தரை வழியே போய்விட்டார்கள். நான் கூட்டத்தின் பின்னால் நின்றிருந்தேன். கை தட்ட மனம் வரவில்லை. அடுத்த நாள் லீவு போட்டுவிட்டு முதல் ஓட்டத்தில் ஏறினேன்.

அம்மா முற்றத்தில் முருங்கையிலை ஆய்ந்துகொண்டிருந்தார். நன்றாகத் தேறியிருந்தார்.

"பாதை ஓடுதம்மா. வெளிக்கிடுங்கோ" என்றேன்.

அவர் இலையிலிருந்து கையை எடுக்கவில்லை. "எத்தினை நாளைக்கு ஓடும்?"

"இப்ப புது எஞ்சின் போட்டிருக்கினம்."

"உடைஞ்சால்? நான் அங்கயும் இல்லை, இங்கயும் இல்லை. எனக்கு இனி ஏலாது பிள்ளை. ஒரு இடத்தில கிடக்கிறன்."

"அந்த ஒரு இடம் எங்கட வீடாய் இருக்கக் கூடாதோ?"

ஆய்ந்த இலைகளை ஒரு பக்கம் ஒதுக்கிவிட்டு, "இவளுக்குப் பிள்ளையள் இருக்கு, உடம்பும் சரியில்லை. நீ தனியச் சமாளிப்பாய்" என்றார். எனக்கு அது நல்ல வார்த்தை என்று நினைத்துத்தான் சொன்னார். அதுதான் இன்னும் கசக்கிறது.

அன்றைக்கு நான் வெறுங்கையோடு திரும்பினேன். புது எஞ்சின் மாரிவரை தாக்குப் பிடித்தது, பிறகு நின்றது, பிறகு ஓடியது. இப்போதும் அப்படித்தான். நம்ப முடியாது என்று தெரிந்தபின் நான் இந்த வயதில் ஸ்கூட்டி பழகினேன். பாதை ஓடும் ஞாயிறுகளில் அதையும் ஏற்றிக்கொண்டு போவேன். ஓடாத ஞாயிறுகளில் பண்ணைப் பாலம், பொன்னாலைப் பாலம் என்று காற்றோடு மல்லுக்கட்டிக்கொண்டு சுற்றிப் போவேன். தங்கை இப்போது சிரித்துக் கதைப்பாள். நான் கொண்டுபோகிற மீன் குழம்பு நன்றாயிருக்கிறது என்பாள். நடந்தவற்றைப் பற்றி இரண்டு பேரும் ஒருநாளும் கதைத்ததில்லை.

போன மாதம் எல்லோரும் சாப்பிட்டு முடித்த நேரம். அவளுடைய புருஷன் கை கழுவிக்கொண்டு வந்து கதிரையில் இருந்தார்.

"மச்சாள், அம்மாவும் இனி இஞ்சதானே. அந்த வீட்டை வாடகைக்குக் குடுத்தால் என்ன? சும்மாதானே கிடக்கு."

"சும்மா கிடக்கேல்லை" என்றேன். "அங்க நான் இருக்கிறன்."

தங்கை கோப்பைகளை அடுக்கி எடுத்துக்கொண்டு குசினிக்குப் போனாள். அம்மா கட்டிலில் இருந்தார். வீடு இன்னும் அவர் பேரில்தான். நாங்கள் கதைத்தது அவருக்குக் கேட்டிருக்கும், காது நல்லாய்க் கேட்கும். ஜன்னலால் காற்று வருகிறது, அதைச் சாத்திவிடச் சொன்னார். நான் எழுந்து போய்ச் சாத்தினேன்.