பவுடர் பூசி வந்த முகம்

நான் எடுக்கும் படங்களில் கதையோ வசனமோ இருக்காது. பார்த்தவர்களும் சொற்பம். ஒரே ஒரு படத்துக்கு மட்டும் விருது கிடைத்தது. கொட்டச்சேடு மலைக்கிராமத்தில் காப்பிப் பழம் பறிக்கும் பழனியம்மாவின் கைகளை மட்டுமே நாற்பது நிமிடம் காட்டும் படம் அது.

படம் எடுத்த அன்று அவர் பட்டுச்சேலை கட்டி, பவுடர் பூசி, கனகாம்பரம் வைத்து வந்திருந்தார். "அக்கா, முகம் கழுவிட்டு, வேலைச் சட்டையப் போட்டுட்டு வாங்க" என்று, எல்லாம் இயல்பாக இருக்கட்டும் என திருப்பி அனுப்பினேன்.

விருது வாங்கியபின், ஒரு ஞாயிறு மத்தியானம் அவர் வீட்டு ஜன்னலை மூடி, சுவரில் படத்தைப் போட்டுக் காட்டினேன். சொந்தக்காரர்களையெல்லாம் கூப்பிட்டிருந்தார். பாதிப் படத்தில் என் பக்கம் சாய்ந்து, "ஏனுங்க, எம்மூஞ்சி எப்ப வருமுங்க?" என்று கேட்டார்.

"கொஞ்சம் பொறுங்க" என்றேன். வராது என்று சொல்ல வாய் வரவில்லை.

"இது ஆரு கையோ!" என்று பின்னால் யாரோ சிரித்தார்கள். பழனியம்மா எழுந்துபோய், சுவரில் தெரிந்த கைக்குப் பக்கத்தில் தன் கையை வைத்து, இரண்டிலும் இருந்த தழும்பைக் காட்டினார். "எங்கைதானுங்க. நல்லாப் பாருங்க."

உழைப்பவர்களுக்கு இந்த உலகம் முகம் தருவதில்லை என்று விருது மேடையில் உருக்கமாகப் பேசியிருந்தேன். பவுடர் பூசி வந்த முகத்தைக் கழுவிவிட்டு வரச் சொன்னவன் நான்.